காப்டன் சொல்லைத் தட்டியவர்

1929-ம் ஆண்டு ஜூன் மாதம். லண்டன் லார்ட்ஸ் மைதானத்தில் மிடில்செக்ஸ் கோஷ்டிக்கும் லங்காஷயர் கோஷ்டிக்கும் பந்தயம். 1926, 1927, 1928 என்று மூன்று ஆண்டுகள் தொடர்ந்து சாம்பியன் பட்டத்தை விடாமல் பிடித்து வைத்திருந்த கோஷ்டி லங்காஷயர். ஆட்டம் ஆரம்பமாகிவிட்டது. மிடில்செக்ஸின் வேகப்பந்து வீச்சாளர்களில் ஒருவரை மட்டும் காணோம். காலையில் உத்தியோக வேலையைக் கவனித்துவிட்டு வர அவருக்கு அனுமதி இருந்தது. சற்றுத் தாமதமாக வந்து சேர்ந்தார். அவசர அவசரமாக உடை மாற்றிக்கொண்டு மைதானத்தில் இறங்கினார். நேரம் தவறி வந்ததால் புதுப் பந்து அவர் கைக்கு வரவில்லை. பிறகுதான் வந்தது. அப்புறம் நடந்தது ஒரு சரித்திரம். லங்காஷயர் ஆட்டக்காரர்கள் பத்துப் பேரையும் அவர் ஒருவரே ஆட்டமிழக்கச் செய்தார். கொடுத்த ரன்கள் 40.

ஆபீஸிலிருந்து நேரே வந்து இப்படியொரு காரியத்தைச் செய்த மனிதரின் பெயர் ஜார்ஜ் ஆஸ்வால்ட் பிரவுனிங் ஆலன். முதல் எழுத்துக்களைச் சேர்த்துப் பள்ளித் தோழர்கள் வைத்த செல்லப் பெயர் கப்பி. கடைசி வரையில் உலகம் அவரைக் கப்பி ஆலன் என்றே அழைத்தது. இங்கிலாந்துக்குக் காப்டனாக இருந்தவர். லண்டன் பங்கு மார்க்கெட்டில் புரோக்கராக இருந்தவர். எல்லோரும் தலையாட்டிய ஒரு சமயத்தில் முடியாது என்று சொன்னவர். பல ஆண்டுகள் கழித்து, வாய் திறக்க வேண்டிய ஒரு சமயத்தில் வாய் திறவாமல் இருந்தவரும் அவரே.

ஆஸ்திரேலியாவில் பிறந்த இங்கிலீஷ்காரர்

ஆலன் இங்கிலாந்தில் பிறந்தவரல்ல. 1902-ம் ஆண்டு ஜூலை 31-ந் தேதி ஆஸ்திரேலியாவில், சிட்னி நகரில் பிறந்தார். தந்தை வால்டர் ஆலன் ஒரு வக்கீல். பெரியப்பா ரெஜினால்ட் ஆலன், 1887-ல் ஆஸ்திரேலியாவுக்காக இங்கிலாந்தை எதிர்த்து ஒரு டெஸ்ட் பந்தயம் ஆடியவர். குழந்தைகளுக்கு இங்கிலாந்தில் படிப்புச் சொல்லிவைக்க வேண்டும் என்று 1909-ல் குடும்பம் கப்பல் ஏறியது. அப்படிப் போனவர்கள் அங்கேயே தங்கிவிட்டார்கள்.

ஈட்டன் பள்ளி, அதன் பிறகு கேம்பிரிட்ஜில் டிரினிடி கல்லூரி. பிரபுக்கள் வீட்டுப் பிள்ளைகளும் பெரிய வர்த்தகர்களின் பிள்ளைகளும் போகும் வழி அது. ஆலன் குடும்பம் கௌரவமான குடும்பந்தான். ஆனால் பரம்பரைச் சொத்தில் உட்கார்ந்து சாப்பிடும் குடும்பமல்ல. படிப்பு முடிந்தால் பிள்ளை சம்பாதித்தாக வேண்டும். அவருடைய வாழ்க்கையில் பின்னால் நடந்த பல காரியங்களுக்கு இதுவே திறவுகோல்.

கேம்பிரிட்ஜில் அவர் புத்தகத்தை விடப் பந்தைத்தான் அதிகம் தொட்டார் என்று சொன்னால் தவறில்லை. 1922, 1923 இரு ஆண்டுகளிலும் ஆக்ஸ்போர்டுக்கு எதிரான சர்வகலாசாலைப் பந்தயத்தில் ஆடினார். 1922 பந்தயத்தில் 9 விக்கெட் எடுத்தார். 1923-ல் பட்டம் வாங்காமலே கல்லூரியை விட்டு வெளியேறி, லண்டன் நகரில் ராயல் எக்ஸ்சேஞ்ச் இன்ஷூரன்ஸ் கம்பெனியில் வேலைக்கு அமர்ந்தார். பிறகு டெபன்ஹாம்ஸ் என்ற பெரிய கடையில் வியாபார நெளிவு சுளிவுகளைக் கற்றுக்கொண்டார். 1933-ல் பங்கு மார்க்கெட்டுக்கு வந்து சேர்ந்தார். வாழ்க்கைத் தொழில் அதுவே ஆயிற்று.

சம்பளம் வாங்காத ஆட்டக்காரர்

அந்த நாளில் இங்கிலாந்து கிரிக்கெட்டில் இரண்டு ஜாதி உண்டு. ஆட்டத்துக்குச் சம்பளம் வாங்குகிறவர் ஒரு ஜாதி; வழிச் செலவு தவிர வேறொன்றும் வாங்காத கனவான் இன்னொரு ஜாதி. உடை மாற்றும் அறை வேறு. பல மைதானங்களில் ஆட்டத்துக்கு இறங்கும் வாசலே வேறு. ஆட்டக் கார்டில் கூட வித்தியாசம்: கனவான் என்றால் முதல் எழுத்துக்கள் பெயருக்கு முன்னால், சம்பளக்காரர் என்றால் பின்னால். இங்கிலாந்துக் கோஷ்டியின் காப்டன் கனவானாகத்தான் இருக்க வேண்டும் என்பது எழுதாத சட்டம். சம்பளக்காரராக இருந்த ஹாமண்ட் 1938-ல் கனவானாக மாறிய பிறகே காப்டன் பதவி அவருக்குக் கிடைத்தது. ஹட்டன் 1952-ல் காப்டனாகும் வரை இந்தச் சட்டம் தளரவில்லை.

ஆலன் கனவான் ஜாதி. கௌரவம் உண்டு, காசு இல்லை. ஆகவே வாரம் முழுவதும் வேலை, லீவு கிடைத்தபோது கிரிக்கெட். 1921 முதல் 1950 வரையில் மிடில்செக்ஸுக்காக அவர் ஆடிய பந்தயங்கள் 146 தான். யுத்த ஆண்டுகளைக் கழித்துவிட்டுக் கணக்குப் பார்த்தால் ஆண்டுக்கு ஆறு! சம்பள ஆட்டக்காரர் ஒருவர் ஒரே கோடைக் காலத்தில் முப்பது பந்தயம் வரை ஆடிவிடுவார். இப்படி விட்டு விட்டு ஆடியும் வேகமும் லாகவமும் குறையாமல் வைத்திருந்தார் என்பதுதான் ஆச்சரியம்.

முதல் டெஸ்ட் 1930-ல், அதே லார்ட்ஸில், ஆஸ்திரேலியாவுடன். அது அவருக்கு நல்ல நாளாக அமையவில்லை. பிராட்மன் 254 ரன் குவித்த பந்தயம் அது. ஆலன் 115 ரன் கொடுத்து ஒரு விக்கெட்டும் எடுக்கவில்லை. ஆனால் இரண்டாவது இன்னிங்ஸில் 57 ரன் எடுத்து ஓரளவு மானத்தைக் காப்பாற்றிக்கொண்டார். மறு ஆண்டு நியூசிலாந்துடன் ஒன்பதாவது ஆளாக இறங்கி 122 ரன் அடித்தார். ஏம்ஸுடன் அவர் சேர்ந்து எடுத்த 246 ரன், எட்டாவது விக்கெட்டுக்கான உலக ரிக்கார்டாக 1996 வரை நின்றது.

உடம்பைக் குறிவைத்த பந்து

1932-ல் ஆஸ்திரேலியாவுக்குப் புறப்பட்ட இங்கிலாந்துக் கோஷ்டிக்குக் காப்டன் டக்ளஸ் ஜார்டின். பம்பாயில் பிறந்தவர், ஆக்ஸ்போர்டில் படித்தவர், வக்கீல். பிராட்மனை எப்படியாவது அடக்கியாக வேண்டும் என்பது அவருடைய ஒரே சிந்தனை. அதற்கு அவர் கண்ட வழி இது: வேகப்பந்தைப் பாதியில் குத்தி, ஆட்டக்காரரின் உடம்பை நோக்கி எழும்பும்படி வீசுவது. இடது பக்கத்தில், ஆட்டக்காரருக்கு மிக அருகில் ஐந்தாறு பேரை வளைத்து நிறுத்துவது. பந்தைத் தடுத்தால் காட்ச். தடுக்காவிட்டால் விலாவில் அடி. தலைக்கவசம் என்பதே இல்லாத காலம் அது.

லார்வுட், வோஸ் இருவரும் காப்டன் சொன்னபடி வீசினார்கள். இருவரும் நாட்டிங்காம் பக்கத்து நிலக்கரிச் சுரங்கப் பிரதேசத்திலிருந்து வந்த சம்பளக்காரர்கள். ஆலனையும் அப்படியே வீசும்படி ஜார்டின் கேட்டார். ஆலன் மறுத்தார். கிரிக்கெட்டை அவ்வாறு ஆடத் தமக்குச் சம்மதமில்லை என்றும், பிடிக்காவிட்டால் தம்மைக் கோஷ்டியிலிருந்து விலக்கிவிடலாம் என்றும் தெரிவித்தார். ஜார்டின் விலக்கவில்லை. ஆலனுடைய வேகம் அவருக்கு வேண்டியிருந்தது.

1933 ஜனவரியில் அடிலெய்ட் நகரில் மூன்றாவது டெஸ்ட். லார்வுடின் பந்து ஆஸ்திரேலியக் காப்டன் வுட்புல்லின் நெஞ்சில் தாக்கியது. அவர் பாட்டைப் போட்டுவிட்டு நெஞ்சைப் பிடித்துக்கொண்டு தள்ளாடினார். ஜனக்கூட்டம் கொதித்தது. அடுத்து லார்வுட் பந்தை எடுத்தபோது, ஜார்டின் ஆட்களை இடது பக்கம் வளையமாக நிற்க வைத்தார். கூட்டம் வேலியைத் தாண்டிவிடுமோ என்று போலீஸார் பயந்தார்கள். பின்னர் ஓல்ட்பீல்டுக்குத் தலையில் அடி. மண்டையோட்டில் விரிசல் கண்டது. ஆஸ்திரேலியக் கிரிக்கெட் போர்டு லண்டனுக்குத் தந்தி அடித்தது. இங்கிலாந்தின் ஆட்டம் விளையாட்டு தர்மத்துக்கு விரோதமானது என்று அந்தத் தந்தி குற்றம் சாட்டியது. அந்த வார்த்தையை வாபஸ் வாங்காவிட்டால் சுற்றுப்பிரயாணத்தையே நிறுத்திக்கொள்ளத் தயார் என்று எம்.சி.சி. பதில் கொடுத்தது.

இதிலே பணமும் கலந்திருந்தது. அக்காலத்து ஆஸ்திரேலியா லண்டன் கடன்காரர்களிடம் கழுத்து வரை கடன்பட்டிருந்தது. வட்டி கட்டமாட்டேன் என்று முரண்டு பிடித்த நியூ சவுத் வேல்ஸ் முதன் மந்திரி லாங், 1932 மே மாதம் கவர்னரால் பதவி நீக்கம் செய்யப்பட்டார். பழைய கடன்களைக் குறைந்த வட்டிக் கடன்களாக மாற்றித் தரும்படி ஆஸ்திரேலிய அரசாங்கம் லண்டன் மார்க்கெட்டை நாடிக்கொண்டிருந்த சமயம். அந்த நேரத்தில் விளையாட்டுச் சண்டை முற்றுவதை இரு பக்கத்து மந்திரிகளும் விரும்பவில்லை. சில வாரங்களுக்குள் ஆஸ்திரேலியப் போர்டு இறங்கி வந்தது. பந்தயங்கள் தொடர்ந்தன. இங்கிலாந்து நான்குக்கு ஒன்று என்ற கணக்கில் ஜெயித்தது.

ஆலன் என்ன செய்தார்? வழக்கமான முறையில், நேராக விக்கெட்டைப் பார்த்து வீசினார். அடிலெய்டிலே மட்டும் 8 விக்கெட். ஐந்து டெஸ்டுகளில் 21. நியாயமாக வீசியும் ஜெயிக்கலாம் என்பதற்கு அவரே சாட்சி.

ஆனால் இங்கே ஒரு விஷயத்தையும் மறைக்கக் கூடாது. அடிலெய்டில் பிராட்மன் முதல் இன்னிங்ஸில் 8 ரன்னில் ஆட்டமிழந்தார். வீசியவர் லார்வுட், காட்ச் பிடித்தவர் ஆலன்! அந்த இடது பக்க வளையத்தில் நிற்க அவர் மறுக்கவில்லை. அங்கே நின்று பல காட்சுகளும் பிடித்தார். வீச மாட்டேன், ஆனால் வீசுகிறவனுக்குத் துணை நிற்பேன் என்றால் அது பாதி மறுப்புத்தானே என்று கேட்பவர்கள் உண்டு. அந்தக் கேள்வியில் நியாயம் இல்லாமல் இல்லை.

இன்னொன்று: மறுப்பதற்கு ஆலனுக்கு வசதி இருந்தது. கோஷ்டியிலிருந்து நீக்கினால் கப்பலேறி லண்டனுக்குப் போய்த் தம் வேலையைப் பார்ப்பார். லார்வுடுக்கு அந்த வசதி இல்லை. காப்டன் சொல்லைத் தட்டினால் அவருக்குப் பிழைப்புப் போய்விடும். 33 விக்கெட் எடுத்து இங்கிலாந்துக்கு வெற்றி தேடித் தந்த லார்வுடிடம், ஊர் திரும்பியதும் மன்னிப்புக் கேட்கும்படி பெரியவர்கள் சொன்னார்கள். சொன்னதைச் செய்ததற்கு ஏன் மன்னிப்பு என்று அவர் மறுத்துவிட்டார். அதன் பிறகு இங்கிலாந்துக்காக அவர் ஒரு பந்தயம்கூட ஆடவில்லை. 1950-ல் குடும்பத்துடன் ஆஸ்திரேலியாவிலேயே குடியேறிவிட்டார். மறுத்த கனவான் பின்னால் காப்டனானார். கீழ்ப்படிந்த தொழிலாளி வேலையை இழந்தார்.

அந்தப் பிரயாணத்தின்போது ஆலன் தம் பெற்றோருக்கு எழுதிய கடிதங்கள் பல ஆண்டுகளுக்குப் பின் வெளியுலகுக்குத் தெரிய வந்தன. ஜார்டின் மீது அவருக்கு இருந்த வெறுப்பு அவற்றில் தெரிகிறது. லார்வுடையும் வோஸையும் படிப்பில்லாத சுரங்கக்காரர்கள் என்று ஏளனம் செய்திருப்பதும் தெரிகிறது. நியாயத்துக்காக நின்ற அதே மனிதரிடம் ஜாதித் திமிரும் இருந்தது.

புரோக்கர் ஆலன்

ஆஸ்திரேலியாவிலிருந்து திரும்பிய 1933-ம் ஆண்டிலேதான் ஆலன் பங்கு மார்க்கெட்டில் காலடி வைத்தார். உலக மந்தத்தில் அடிபட்டுக் கிடந்த லண்டன் அப்போது மெல்லத் தலைதூக்கிக்கொண்டிருந்தது. 1931 செப்டம்பரில் இங்கிலாந்து தங்க நாணய முறையைக் கைவிட்டது. 1932-ல் பாங்க் வட்டி 2 சதவிகிதத்துக்கு இறங்கியது. அதே ஆண்டில், 200 கோடி பவுனுக்கு மேற்பட்ட யுத்தக் கடன் பத்திரங்களின் வட்டியை ஐந்திலிருந்து மூன்றரையாகக் குறைத்தார்கள். பாங்கில் போட்டால் வட்டியில்லை. சர்க்கார் பத்திரத்திலும் வருமானம் குறைவு. பணம் வைத்திருந்தவர்கள் புரோக்கர்களைத் தேடி வந்தார்கள்.

லண்டன் மார்க்கெட்டின் முறை கொஞ்சம் விசித்திரமானது. பங்கை வாங்கி விற்று வைத்திருக்கும் வியாபாரி ஒருவர். வாடிக்கைக்காரருக்காக அவரிடம் பேரம் பேசும் புரோக்கர் இன்னொருவர். ஒருவர் வேலையை மற்றவர் செய்யக் கூடாது. புரோக்கர் போய் விலை கேட்பார். தாம் வாங்க வந்தாரா விற்க வந்தாரா என்று சொல்ல மாட்டார். வியாபாரி வாங்கும் விலை, விற்கும் விலை இரண்டையும் சொல்லியாக வேண்டும். பேச்சு முடிந்தால் பேரம் முடிந்தது. கையெழுத்து இல்லை, சாட்சி இல்லை. குறிப்புப் புத்தகத்தில் பென்ஸிலால் ஒரு கிறுக்கல். கணக்குத் தீர்ப்பது சுமார் இரண்டு வாரத்துக்கு ஒரு தடவை. சொன்ன சொல்லை மீறியவனுக்கு அங்கே இடமில்லை. 1986-ல் அந்தப் பாகுபாட்டை ஒழிக்கும் வரை இதுதான் வழக்கம்.

புரோக்கருக்கு மூலதனம் அவருடைய அறிமுகங்கள். ஈட்டன், கேம்பிரிட்ஜ், லார்ட்ஸ் என்று மூன்று இடத்தில் நண்பர்களைச் சேர்த்து வைத்திருந்த ஆலனுக்கு அந்த மூலதனத்தில் குறைவில்லை. கிரிக்கெட் அவருக்குச் சம்பளம் தரவில்லை. ஆனால் கிரிக்கெட்டால் வந்த பெயர் தொழிலுக்கு உதவவில்லை என்று எவரும் சொல்ல முடியாது.

இந்தியாவுடன்

1936-ல் இந்தியக் கோஷ்டி இங்கிலாந்து சென்றபோது காப்டன் பதவி ஆலனுக்குக் கிடைத்தது. நம் பக்கத்துக் காப்டன் விஜயநகரம் மகாராஜகுமாரர். அவருடைய ஆட்டத்தை விட அவர் செய்த கலகங்களே அதிகம் பேசப்பட்டன. நல்ல ஆட்டத்தில் இருந்த லாலா அமர்நாத்தை முதல் டெஸ்டுக்கு முன்பே வீட்டுக்குத் திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

அப்படியிருந்தும் லார்ட்ஸ் டெஸ்டில் முதல் இன்னிங்ஸில் இந்தியா 13 ரன் முந்தியது. அமர் சிங் 6 விக்கெட் எடுத்து இங்கிலாந்தை 134-ல் சுருட்டினார். அங்கே குறுக்கே வந்தவர் ஆலன். முதல் இன்னிங்ஸில் 35 ரன்னுக்கு 5, இரண்டாவதில் 43-க்கு 5. இந்தியா 93-ல் முடிந்தது. ஓவல் மைதானத்தில் மேலும் ஒரு 7 விக்கெட். மூன்று டெஸ்டில் 20 விக்கெட் அவருக்கு.

இடையில் மான்செஸ்டரில்தான் நம்மவர்கள் அவரைத் திணற அடித்தார்கள். விஜய் மெர்ச்செண்டும் முஷ்டாக் அலியும் முதல் விக்கெட்டுக்கு 203 ரன் எடுத்தார்கள். இருவரும் சதம். இரண்டாவது நாளில் மட்டும் இரு கோஷ்டிகளும் சேர்ந்து 588 ரன். ஒரு நாளில் இத்தனை ரன் டெஸ்ட் சரித்திரத்தில் அதுவரை இல்லை. அந்தப் பந்தயத்தில் சென்னையைச் சேர்ந்த சி. ராமசாமி தம் நாற்பதாவது வயதில் முதல் டெஸ்ட் ஆடி 40-ம் 60-ம் எடுத்தார். அவரும் கேம்பிரிட்ஜ்வாசிதான், ஆனால் அங்கே அவர் பெயர் எடுத்தது டென்னிஸில். 1922-ல் இந்தியாவுக்காக டேவிஸ் கோப்பை ஆடியவர் அவர். மற்றொரு சென்னைக்காரரான எம்.ஜே. கோபாலன், பெர்லின் ஒலிம்பிக் ஹாக்கி வாய்ப்பை உதறிவிட்டு இந்தப் பிரயாணத்துக்கு வந்தார். பாவம், ஒரு டெஸ்டிலும் இடம் கிடைக்கவில்லை.

இரண்டு புரோக்கர்கள் மோதினார்கள்

1936 முடிவில் ஆலன் தம் கோஷ்டியுடன் ஆஸ்திரேலியா சென்றார். பழைய புண்ணை ஆற்றுவதும் அவர் பொறுப்பு. எதிரே காப்டன் பிராட்மன். ஒரு வேடிக்கை: பிராட்மனும் அப்போது அடிலெய்ட் நகரில் ஒரு பங்கு புரோக்கர் கம்பெனியில் வேலையாக இருந்தார்! அந்தக் கம்பெனி 1945-ல் திவாலாயிற்று. முதலாளி ஜெயிலுக்குப் போனார். பிராட்மன் சொந்தமாக புரோக்கர் தொழில் நடத்தி 1954-ல் ஓய்வு பெற்றார். எதிரெதிராக நின்ற இரு காப்டன்களும் வாழ்நாள் முழுவதும் நண்பர்களாக இருந்தார்கள்.

பிரிஸ்பேனில் முதல் டெஸ்ட். ஆஸ்திரேலியா கடைசி இன்னிங்ஸில் 58 ரன்னுக்குச் சுருண்டது. ஆலனுக்கு 5 விக்கெட். இங்கிலாந்து 322 ரன்னில் ஜெயித்தது. சிட்னியில் ஹாமண்ட் 231. மறுபடியும் இங்கிலாந்துக்கே வெற்றி. இன்னும் ஒன்று ஜெயித்தால் ஆஷஸ் கையில்.

மெல்போர்னில் மூன்றாவது டெஸ்ட், 1937 ஜனவரி முதல் தேதி ஆரம்பம். பந்தயம் முடியும்வரை வந்து பார்த்தவர்கள் 3,50,534 பேர். இரண்டாவது நாள் மழை. மழை ஓய்ந்து வெயில் பட்டதும் களம் பிசின்போல ஆயிற்று. பந்து இஷ்டம்போலத் துள்ளியது. பிராட்மன் 9 விக்கெட்டுக்கு 200 என்று ஆட்டத்தை முடித்துக்கொண்டு இங்கிலாந்தை அந்தச் சேற்றில் இறக்கினார். விக்கெட்டுகள் சரிந்தன. இங்கேதான் ஆலன் செய்ய வேண்டியது ஒன்று இருந்தது. தாமும் உடனே ஆட்டத்தை முடித்துக்கொண்டு, களம் காய்வதற்குள் ஆஸ்திரேலியாவை அதே சேற்றில் ஆட வைத்திருக்க வேண்டும். அவர் தயங்கினார். 76-க்கு 9 என்று அவர் முடித்துக்கொண்டபோது அன்றைய ஆட்டத்துக்குச் சொற்ப நேரமே இருந்தது. பிராட்மன் தந்திரக்காரர், பாட் பிடிக்கத் தெரியாத பந்து வீச்சாளர்களை முதலில் அனுப்பி நேரத்தைக் கடத்தினார். மறுநாள் ஞாயிறு, ஆட்டம் இல்லை. திங்களன்று களம் காய்ந்துகொண்டிருந்தது. 97-க்கு 5 என்றிருந்தபோது பிராட்மன் இறங்கினார். பிங்கிள்டனும் அவரும் சேர்ந்து எடுத்தது 346 ரன். பிராட்மன் 270.

எப்போது விற்பது, எப்போது வைத்திருப்பது என்று நாள் முழுதும் ஊராருக்கு யோசனை சொல்லும் தொழிலில் இருந்தவர், தம் சரக்கை விற்கச் சற்று நேரம் பிந்திவிட்டார்! அதோடு போயிற்று. நான்காவதில் பிராட்மன் 212, ஐந்தாவதில் 169. ஐந்து டெஸ்ட் கொண்ட தொடரில் முதல் இரண்டையும் இழந்த கோஷ்டி மற்ற மூன்றையும் ஜெயித்தது கிரிக்கெட் சரித்திரத்தில் அந்த ஒரு தடவைதான். தோற்றாலும், இரு தேசத்துக்கும் மனக்கசப்பு நீங்கியது என்ற திருப்தியோடு ஆலன் ஊர் திரும்பினார்.

யுத்தம் வந்தது. ராணுவத்தின் உளவுப் பகுதியில், ஜெர்மனியின் விமான எதிர்ப்புப் பீரங்கிகளைப் பற்றித் தகவல் திரட்டும் வேலையைக் கவனித்தார். லெப்டினண்ட் கர்னல் பதவி வரை உயர்ந்தார். யுத்தத்துக்குப் பின், 45-வது வயதில், மேற்கிந்தியத் தீவுகளுக்குக் காப்டனாகப் போகச் சொன்னார்கள். போகும் வழியில் கப்பலிலேயே கயிறு தாண்டிப் பயிற்சி செய்யும்போது கெண்டைக்கால் பிசகிவிட்டது. அங்கே வாரல், வீக்ஸ், வால்காட் என்ற மூன்று இளைஞர்கள் அப்போதுதான் டெஸ்டில் அடியெடுத்து வைத்தார்கள். நான்கு டெஸ்டில் இங்கிலாந்து ஒன்றைக்கூட ஜெயிக்கவில்லை. மொத்தம் 25 டெஸ்ட், 81 விக்கெட், 750 ரன். ஆலனின் டெஸ்ட் கணக்கு அத்தோடு முடிந்தது.

லார்ட்ஸின் வாசலில்

ஆட்டம் முடிந்ததே தவிர அதிகாரம் அப்போதுதான் ஆரம்பமாயிற்று. பகலில் பங்கு மார்க்கெட், மாலையில் லார்ட்ஸ் கமிட்டி என்று நாட்கள் ஓடின. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. குடியிருந்த வீடு லார்ட்ஸ் மைதானத்தை ஒட்டியது. வீட்டுத் தோட்டத்திலிருந்து மைதானத்துக்குள் போகத் தனி வாசலே உண்டு.

1955 முதல் 1961 வரை இங்கிலாந்துக் கோஷ்டியைத் தேர்ந்தெடுக்கும் கமிட்டியின் தலைவராக இருந்தார். 1956-ல் லீட்ஸ் டெஸ்டுக்கு ஆள் தேடியபோது, ஐந்து ஆண்டாக டெஸ்டே ஆடாத 41 வயது வாஷ்புரூக்கை அழைக்கலாமா என்ற யோசனை எழுந்தது. வாஷ்புரூக்கோ அதே கமிட்டியில் ஓர் அங்கத்தினர்! அவரை ஏதோ பானம் வாங்கிவரும்படி ஆலன் வெளியே அனுப்பிவிட்டு, திரும்பி வருவதற்குள் தீர்மானம் செய்துவிட்டாராம். 17-க்கு 3 என்று தத்தளித்தபோது இறங்கிய வாஷ்புரூக் 98 எடுத்தார். அந்தத் தொடரிலேதான் மான்செஸ்டரில் லேக்கர் 19 விக்கெட் எடுத்தார். களத்தில் புல்லை வழித்துவிடச் சொன்னவர் ஆலன்தான் என்று ஆஸ்திரேலியர்கள் வெகுநாள் முணுமுணுத்தார்கள்.

1962 நவம்பரில் கனவான், சம்பளக்காரர் என்ற பாகுபாடு ஒழிந்தது. மறு ஆண்டில் ஆலன் எம்.சி.சி.யின் தலைவரானார். 1964 முதல் 1976 வரை பொக்கிஷதாரர். பணத்தில் பழகிய கை. சங்கத்தின் சொத்தையும் வரவு செலவையும் அவரிடம் நம்பிக் கொடுத்தார்கள். லார்ட்ஸில் அவருக்குத் தெரியாமல் ஓர் ஆணிகூட அடிக்க முடியாது என்று ஆயிற்று.

1968-ல் அவருடைய வாழ்க்கையின் இரண்டாவது சோதனை வந்தது. பேஸில் டி ஒலிவீரா தென் ஆப்பிரிக்காவில் பிறந்தவர்; வெள்ளையர் அல்ல என்ற காரணத்தால் அங்கே ஆட இடமில்லாமல் இங்கிலாந்துக்கு வந்து கோஷ்டியில் இடம் பிடித்தவர். அவ்வருஷம் இங்கிலாந்து தென் ஆப்பிரிக்காவுக்குப் போக வேண்டும். டி ஒலிவீரா வந்தால் பிரயாணத்தை அனுமதிக்கப் போவதில்லை என்று பிரதமர் வோர்ஸ்டரிடமிருந்து தெரிந்துகொண்ட காபம் பிரபு, லார்ட்ஸுக்குக் கடிதம் மூலம் தெரிவித்தார். கடிதத்தைப் பார்த்தவர்கள் காரியதரிசி, தலைவர், பொக்கிஷதாரர் ஆலன் ஆகிய மூவர். மூவரும் அதைக் கமிட்டியில் வைக்காமல் தங்களுக்குள்ளேயே வைத்துக்கொண்டார்கள். ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுப்பதில் அரசியல் நுழையக் கூடாது என்பது அவர்கள் சொன்ன சமாதானம்.

ஆகஸ்டில் ஓவல் மைதானத்தில் டி ஒலிவீரா 158 ரன் அடித்தார். சில நாட்களில் வெளிவந்த கோஷ்டிப் பட்டியலில் அவர் பெயர் இல்லை. தேசமே கொந்தளித்தது. பிறகு ஓர் ஆட்டக்காரர் காயம் காரணமாக விலகவே அவரைச் சேர்த்தார்கள். இது அரசியல்வாதிகள் பொறுக்கிய கோஷ்டி என்று சொல்லி வோர்ஸ்டர் கதவைச் சாத்தினார். பிரயாணம் ரத்தாயிற்று.

அந்தக் கடிதம் முதலிலேயே கமிட்டிக்குப் போயிருந்தால், டி ஒலிவீரா பட்ட வேதனை குறைந்திருக்கும். 1933-ல் காப்டனிடம் நேருக்கு நேர் மறுப்புச் சொன்னவருக்கு, 35 ஆண்டுகளுக்குப் பிறகு ஒரு காகிதத்தை மேஜைமேல் எடுத்து வைக்கத் துணிவில்லையா, மனமில்லையா? அந்த இடைக்காலத்தில் அவர் இருந்த இடம் மாறிவிட்டது என்பது மட்டும் நிச்சயம். முன்னே அவர் அதிகாரத்துக்கு எதிரே நின்றார். இப்போது அதிகாரமே அவர்தான்.

1986-ல் அவருக்கு சர் பட்டம் கிடைத்தது. அதே ஆண்டில், அவர் வாழ்நாளெல்லாம் உழைத்த பங்கு மார்க்கெட்டில் பழைய முறைகள் ஒழிந்து, பேரம் பேசும் கூட்டம் கட்டடத்தை விட்டு வெளியேறி டெலிபோனுக்கும் கம்ப்யூட்டருக்கும் மாறியது. 1989-ம் ஆண்டு நவம்பர் 29-ந் தேதி, லார்ட்ஸுக்கு அருகே இருந்த தம் வீட்டில், 87-வது வயதில் காலமானார். மைதானத்தில் பெவிலியனுக்குப் பக்கத்திலிருந்த காலரிக்கு அவர் பெயரைச் சூட்டினார்கள். அடிலெய்ட் நாட்களில் தாய் தந்தையருக்கு அவர் எழுதிய கடிதங்கள், அவர் பிறந்த சிட்னி நகரத்துக்கே திரும்பிப் போய் அங்குள்ள மாநில நூலகத்தில் சேர்ந்தன.